மகனோடு இருந்தவன்

செத்தவர்களின் கடுதாசியை வாசிக்காதே என்று வேலைக்கு எடுத்த அன்றைக்கே எனக்குச் சொன்னார்கள். எடு, விரி, ஸ்கேன் பண்ணு, பெட்டிக்குள் வை, அடுத்ததை எடு. அவ்வளவுதான் வேலை. நான் சொல்வழி கேட்கிற ஆளா? கேட்டிருந்தால் என் மருமகன் றெக்ஸ் இன்றைக்கு உயிரோடு இருக்கிறவர்களின் பட்டியலில் இருந்திருப்பான். பயப்பட வேண்டாம், அவன் சாகவில்லை. நான் இதை எழுதும்போது பக்கத்து அறையில் சப்பாத்துக்கு லேஸ் கட்டிக்கொண்டிருக்கிறான், வேலைக்குப் போவதற்கு.

என் பெயர் செபமாலை. மன்னார்க் கச்சேரியில் காணிப் பிரிவில் பதினொரு வருஷம் கிளாக்கராக இருந்தவன். மொன்றியலுக்கு வந்து கோழித் தொழிற்சாலை, துணித் தொழிற்சாலை, பேக்கரி என்று எல்லாக் கூத்தும் ஆடி முடித்து, கடைசியில் சென்ட் லோரன்டில் இந்த ஸ்கேன் வேலைக்கு வந்து சேர்ந்தேன். பெரிய களஞ்சியம். சுவருக்கு அந்தப் பக்கம் விமான உதிரிப்பாகம் செய்கிறார்கள், இந்தப் பக்கம் நாங்கள் ஏழு பேர் பழைய கடுதாசிகளைப் படம் எடுக்கிறோம். ஆங்கிலக் கூட்டெழுத்தைத் தடக்காமல் வாசிக்கிற ஆள் அங்கே நான் ஒருவன்தான். வெள்ளைக்காரன் காலத்துக் காணி உறுதிகளை வாசித்து வாசித்து எனக்கு அது தண்ணீர் பட்ட பாடு.

ஓகஸ்ட் கடைசியில் அமெரிக்காவின் வெர்மொன்ட் பக்கமிருந்து பதினான்கு பெட்டிகள் வந்தன. எல்லையைத் தாண்டினால் இரண்டு மணித்தியால ஓட்டத்தில் ஹாரோபிரிட்ஜ் என்று ஒரு சின்ன ஊர். அதன் நூலகத்துக்குள் வெள்ளம் புகுந்துவிட்டது. நனைந்த பெட்டிகளை உறையவைத்து, உலர்த்தி, எங்களிடம் அனுப்பியிருந்தார்கள். எல்லாம் ஒரே மனிதனுடைய கடுதாசிகள். கப்டன் ஏஸா டன்மோர்.

ஏஸா ஒரு விதவையின் ஒரே பிள்ளை. இருபது வயதில், 1862ஆம் ஆண்டு, அடிமை முறையை ஒழிக்கிற சண்டைக்கு வடக்குப் பட்டாளத்தில் சேர்ந்தவன். இரண்டு வருஷத்தில் கப்டன் ஆனான். பிறகு வேர்ஜீனியாக் காட்டுக்குள் நடந்த சண்டையில் காணாமல் போனான். பட்டாளத்துப் பாதிரியார் தாய்க்கு எழுதிய கடிதம் முதல் பெட்டியிலேயே இருந்தது. உம்முடைய மகன் நெற்றியில் குண்டு பட்டு, நோகாமல், தனக்கே தெரியாமல் இறந்தான் என்று எழுதியிருந்தார். தாய் செத்தவீடு செய்தாள். அவனுடைய உடுப்புகளை அயலுக்குக் கொடுத்தாள். கறுப்பு உடுத்தாள். பதினொரு மாதம் கழித்து, எதிரியிடம் பிடிபட்டுக் கிடந்த மறியல் முகாமிலிருந்து எலும்பும் தோலுமாக ஏஸா நடந்து வந்து கதவைத் தட்டினான்.

அன்றைய தேதிக்கு அவனுடைய நாட்குறிப்பில் மூன்றே வரி. 'அம்மா கதவைத் திறந்தாள். என்னை நேரமெடுத்துப் பார்த்தாள். உள்ளே வாருங்கள், நீங்கள் என் மகனோடு இருந்தவரா என்று கேட்டாள்.'

நான் என்ன செய்தேன் தெரியுமா? சிரித்தேன். மதியச் சாப்பாட்டு மேசையில் எல்லோருக்கும் சொல்லிச் சொல்லிச் சிரித்தேன். கிழவி கண்ணாடியைத் தொலைத்துவிட்டாளாக்கும் என்றேன். மடையன் நான்.

ஒருவேளை வந்தவன் உண்மையிலேயே வேறு ஆளோ என்று ஒரு சந்தேகம் வந்ததுதான். எங்கள் கணினி, படங்களில் உள்ள முகங்களை அளந்து, ஒரே ஆள் என்றால் ஒரே கோப்புக்குள் போடும். பட்டாளத்துக்குப் போகுமுன் எடுத்த பொடியனையும், பின்னால் எடுத்த நரைத்த மனிதனையும் அது ஒரு தயக்கமும் இல்லாமல் ஒன்றாகப் போட்டது. நாற்பத்தொரு படம், ஒரே ஏஸா. பெற்றவளுக்கு மட்டும் அவன் வேறு ஆள்.

செப்டம்பர் ஒன்பதாம் தேதி, வேலையில் இருக்கும்போது எல்லைக் கந்தோரிலிருந்து தொலைபேசி வந்தது. ஒரு பெண், "போன்ஜூர்" என்று தொடங்கி, றெக்ஸ் மரியாம்பிள்ளை என்று உங்களுக்கு ஒரு மருமகன் இருக்கிறாரா என்று கேட்டாள். நான் அப்படியே ஒரு பெட்டிக்கு மேல் இருந்துவிட்டேன்.

றெக்ஸ் என் அக்கா அல்போன்சம்மாவின் ஒரே பிள்ளை. 2009 மே மாதம், கடைசிச் சண்டை முடிந்த இடத்தில், சரணடைந்தவர்களை ஏற்றிய பஸ் ஒன்றில் போனவன். அப்போது அவனுக்கு இருபத்தொரு வயது. விசாரித்துவிட்டு விடுவார்கள் என்று நம்பி அக்காதான் தன் கையாலேயே அவனை ஏற்றிவிட்டாள். பிறகு எந்தப் பட்டியலிலும் அவன் பெயர் இல்லை. அக்கா அவனுடைய படத்தை நெஞ்சில் பிடித்துக்கொண்டு வவுனியா ரோட்டில் வெயிலில் இருந்தாள், மழையில் இருந்தாள். 2012இல் நான் அவளை இங்கே கூப்பிட்டேன். என் மனைவி காலமானபிறகு பார்க் எக்ஸ்டென்ஷன் வீட்டில் அக்காவும் நானும்தான். பதினாறு வருஷம் அந்தோனியாருக்கு மெழுகுதிரி கொளுத்தினாள், பிள்ளை வரவேண்டும் என்று.

பிள்ளை வந்துவிட்டான். எல்லைக்குக் காரை எப்படி ஓட்டினேன் என்று எனக்கே தெரியாது.

அங்கே கதிரையில் இருந்தவனுக்கு முப்பத்தேழு வயது, பார்த்தால் ஐம்பது. இடது காதில் பாதி இல்லை. முன்பல் நாலு இல்லை. தலை வெளுத்துப் போயிருந்தது. என்னைக் கண்டதும், "செபமாலை மாமா" என்று எழும்பினான். குரல் மட்டும் பழைய குரல். கட்டிப்பிடித்துக் குழறினேன். கந்தோர்க்காரி தண்ணீர் கொண்டுவந்து தந்தாள்.

காரில் வரும்போது துண்டு துண்டாகச் சொன்னான். நாலு வருஷம் எங்கே வைத்திருந்தார்கள் என்று தனக்கே தெரியாது என்றான். வெளியே வந்தபோது அம்மா ஷெல் விழுந்து செத்துவிட்டாள் என்று யாரோ சொன்னார்களாம். பிறகு மலேசியா, பிரேசில், காடு, அமெரிக்கா. நியூயோர்க் பக்கம் ஒரு பெற்றோல் நிலையத்தில் வேலை செய்தபோது மன்னார் ஆள் ஒருவர் வந்து, அம்மா மொன்றியலில் இருக்கிறா என்று சொன்னாராம்.

"அம்மா என்னை மட்டுக்கட்டுவாவோ மாமா?" என்று கேட்டான்.

"விசரே உனக்கு? பெத்த தாயடா!" என்று ஏசினேன்.

மூன்றாம் மாடிப் படியேறி நான் கதவைத் திறந்தபோது அக்கா ஏற்கெனவே நின்றுகொண்டிருந்தாள். அவன் "அம்மா" என்றான். அக்கா அவனை உச்சியிலிருந்து கால்வரை பார்த்தாள். அவள் முகத்தில் ஒரு மரியாதையான சிரிப்பு வந்தது, வீட்டுக்கு வந்த விருந்தாளியைப் பார்க்கிற சிரிப்பு.

"வாரும் தம்பி, உள்ளுக்கு வாரும்," என்றாள். "நீர் என்ர றெக்ஸோட இருந்தனீரோ?"

சேசுவே என்று வாய்விட்டுச் சொன்னேன். அந்த வரியை நான் பத்து நாளைக்கு முன்புதான் வாசித்துச் சிரித்திருந்தேன்.

அக்காவுக்கு மூளைக் கோளாறு என்று யாரும் நினைக்க வேண்டாம். எழுபது வயதிலும் எந்த பஸ் எத்தனை மணிக்கு என்று எனக்குச் சொல்கிறவள் அவள்தான். ஊரில் இருந்து வந்த ஒவ்வொருவரையும் பேர் சொல்லி விசாரிப்பாள். இவன் ஒருவனை மட்டும் அவளுக்குத் தெரியவில்லை. நான் கத்தினேன், அழுதேன், மேசையில் அடித்தேன். அவள் என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள்.

"தம்பி, நீ ஆசையில கதைக்கிறாய். என்ர பிள்ளைக்கு இருபத்தொரு வயசு," என்றாள்.

அவன் அம்மா என்று கூப்பிட்டால் கேட்பாள். ஊரில் பெடியள் எல்லோரும்தானே வயதானவர்களை அம்மா என்கிறார்கள். முதல் நாள் சாப்பாட்டு மேசையில் அவன் ஜன்னல் பக்கத்துக் கதிரையில் இருக்கப் போனான். "அதில இராதையும் தம்பி, குறை நினையாதையும். அது அவனுக்கு வைச்ச இடம்," என்று தடுத்துவிட்டாள். பதினாறு வருஷமாக எந்தக் கதிரையும் யாருக்கும் வைக்கப்பட்டதாக எனக்குத் தெரியாது. அன்றைக்கு அவன் வந்த பிறகுதான் அந்த இடம் உண்டானது. கணவாய்க் கறி வைத்தாள். றெக்ஸ் சின்ன வயதில் கணவாய் என்றால் சட்டியை வழிக்கிறவன். இவன் ஒரு வாய் வைத்துவிட்டு வெளியே ஓடிச் சத்தி எடுத்தான். அக்கா என்னைப் பார்த்து, "பாத்தியே?" என்றாள்.

பிறகு தன் மடியிலிருந்த படத்தை எடுத்து அவன் முகத்துக்கு முன்னால் நீட்டினாள். "இவன்தான். தெரியுதோ?"

"தெரியும் அம்மா," என்றான் றெக்ஸ்.

அடுத்த நாள் வேலையில் ஐந்தாம் பெட்டியைத் திறந்தேன். ஹாரோபிரிட்ஜில் புதுப் பாலம் திறந்த அன்று எடுத்த படம் மேலேயே கிடந்தது. நாடாவை வெட்டுகிற கத்தரிக்கோலோடு ஏஸா நிற்கிறான். பக்கத்தில் கறுப்பு உடுப்பில் அவன் தாய். அவள் இரண்டு கையாலும் ஒரு சட்டம் போட்ட படத்தைக் கமெராவுக்குக் காட்டிப் பிடித்திருக்கிறாள். பெரிதாக்கிப் பார்த்தேன். பட்டாளத்துக்குப் போகுமுன் எடுத்த ஏஸாவின் படம். கணினி இரண்டு முகத்துக்கும் பச்சைக் கோடு போட்டு, ஒரே ஆள் என்று காட்டியது. நான் கணினியை நிறுத்திவிட்டு வெளியே போய் ஒரு சிகரட் பத்தினேன். விட்டு ஒன்பது வருஷமான சிகரட்.

அகதி வழக்குக்காகச் சட்டத்தரணி மரபணுச் சோதனை செய்யச் சொன்னார். ஒக்டோபர் முதல் கிழமையில் முடிவு வந்தது. தாயும் மகனும்தான், சந்தேகமே இல்லை. ஆடிப்பாடிக்கொண்டு அக்காவிடம் கொண்டுபோய்க் காட்டினேன். அவள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தாள்.

"கடுதாசி," என்றாள். "எனக்கு எத்தினை கடுதாசி தந்தவங்கள். அப்பிடி ஒரு ஆளே இல்லை எண்டு ஒரு கடுதாசி. செத்திட்டான் எண்டு கையெழுத்து வையுங்கோ எண்டு இன்னொரு கடுதாசி. ஒண்டையாவது நம்பினனானோ? இப்ப மட்டும் என்னத்துக்கு நம்போணும்?"

அன்றிலிருந்து சாப்பாட்டையும் குறைத்துவிட்டாள். யாரோ ஒரு பிறத்தியானைக் காட்டித் தன்னை ஏமாற்றப் பார்க்கிறோம் என்று பயந்தாள். இரவில் அறைக் கதவுக்கு உள்கொளுக்கி போட்டாள். ஒரு கிழமையில் கன்னம் ஒட்டிவிட்டது. எனக்கு ஒன்றுதான் தோன்றியது. அந்த வெள்ளைக்காரன் ஏஸா இதற்கு ஒரு வழி கண்டுபிடித்திருப்பான். அவன் தாய் என்றைக்கோ ஒருநாள் ஏஸா என்று கூப்பிட்டிருப்பாள். அது எப்படி நடந்தது என்று அந்தப் பெட்டிகளுக்குள் இருக்கும். அதைக் கண்டுபிடித்தால் என் அக்காவுக்குப் பிள்ளை கிடைத்துவிடும். மற்றவர்கள் ஸ்கேன் பண்ண நான் வாசித்தேன். சூப்பவைசர் இரண்டு தரம் எச்சரித்தாள். போடி என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டு வாசித்தேன்.

ஏஸா அந்த வீட்டை விட்டுப் போகவில்லை. தாயின் வீட்டிலேயே மேல் அறை ஒன்றில் வாடகைக்கு இருந்தான். அவனுடைய பழைய அறையைத் தாய் பூட்டி வைத்து, சனிக்கிழமைகளில் திறந்து தூசு தட்டினாள். அவன் கலியாணம் கட்டவில்லை. முப்பது வயதில் ஊர்ச்சபைக்கு நின்று வென்று, எங்கள் ஊர்ப் பாஷையில் சொன்னால், சேர்மன் ஆனான். பத்தொன்பது வருஷம் சேர்மன். பாலம் கட்டினான், பள்ளிக்கூடம் கட்டினான், மலையிலிருந்து குழாயில் தண்ணீர் கொண்டுவந்தான், நூலகம் கட்டினான். ஒவ்வொரு திறப்பு விழாவுக்கும் தாய்க்கு முதல் வரிசையில் கதிரை போட்டான். ஊர் முழுக்க அவனைத் தலையில் தூக்கி வைத்து ஆடியது. ஒவ்வொரு விழாவின் அடியிலும் அவனுடைய நாட்குறிப்பில் ஒரே மாதிரி ஒரு வரி இருக்கும். 'அம்மா வந்தாள். என் ஏஸா இருந்திருந்தால் சந்தோஷப்பட்டிருப்பான் என்றாள்.'

ஒரு மனிதன் தாய் வாயிலிருந்து தன் பெயர் வருவதற்காக ஒரு ஊரையே கட்டியிருக்கிறான்.

இதை நான் எனக்குள்ளேயே வைத்திருக்கலாம். வைத்திருந்தேனா? ஒரு ஞாயிற்றுக்கிழமை றெக்ஸைக் கூட்டிக்கொண்டு ஜாரி பார்க்கில் நடந்தபோது முழுக்கச் சொல்லிவிட்டேன். பாதிரியாரின் கடிதத்திலிருந்து பாலம்வரை ஒன்றும் விடவில்லை. அவனுக்கு ஆறுதலாக இருக்கட்டும், தான் ஒருவன் மட்டும் இல்லை என்று தெரியட்டும் என்றுதான் சொன்னேன். அவன் காதைத் தந்து கேட்டான்.

"அப்ப அந்தாள் வீட்டில என்னெண்டு இருந்தவர்?"

"பின்னேரங்களில தாயோட இருந்து, அவவின்ர மகனைப் பற்றிக் கதை சொல்லுவாராம். அதைக் கேட்டால்தான் மனுசி சாப்பிடுமாம்."

"அப்பிடியே?" என்றான். பிறகு விறுவிறென்று வீட்டுப் பக்கம் நடந்தான்.

அன்று பின்னேரம் நான் இடியப்பம் அவித்துக்கொண்டிருந்தேன். மேசையில் அக்கா கோப்பையைத் தொடாமல் இருந்தாள். றெக்ஸ் எதிரில் இருந்து, மெதுவாக, "றெக்ஸ் சொல்லுவான் அம்மா. சின்னனில பேசாலைக் கடற்கரையில சங்கு பொறுக்கப் போய்த் துலைஞ்சவனாம். நீங்கள் தேடி வந்து, முதல்ல முதுகில ரெண்டு போட்டுட்டுப் பேந்துதான் கட்டிப்பிடிச்சனீங்களாம்," என்றான்.

அக்கா தலையை நிமிர்த்தினாள். "அதையும் சொன்னவனோ உமக்கு?" என்றாள். சிரித்தாள். எத்தனை மாதத்துக்குப் பிறகு சிரித்தாள்! சிரித்துக்கொண்டே நாலு இடியப்பம் சாப்பிட்டாள். நான் அடுப்படியில் அகப்பையோடு நின்றேன்.

அதன் பிறகு தினமும் பின்னேரம் ஐந்து மணிக்கு அக்கா முகம் கழுவிப் பவுடர் பூசி மேசைக்கு வந்துவிடுவாள். அவன் றெக்ஸைப் பற்றிச் சொல்வான். றெக்ஸ் முதல் முதல் சைக்கிள் ஓடினது, கோயில் மணியை இழுத்துக் கயிறு அறுந்தது, பரீட்சைக்கு மடு மாதாவுக்கு நேர்ந்தது. இடைக்கிடை அக்கா, "அப்பிடியில்லைத் தம்பி, அவன் உமக்குப் பிழையாச் சொல்லிப்போட்டான்," என்று திருத்துவாள். இவன் தலையாட்டுவான். கதவுக்கு வெளியே நின்று கேட்டால் இரண்டு பேரும் அறையில் இல்லாத மூன்றாவது ஆள் ஒருவனை நடுவில் இருத்தி வைத்துத் தலை தடவுவது போல இருக்கும். என் சொந்த வீட்டுக்குள் போக எனக்குப் பயமாக இருந்தது.

ஒருநாள் அவனைப் படிக்கட்டில் மறித்தேன். "நிப்பாட்டடா இந்தக் கூத்தை. ஏன்ரா அவளுக்குப் பொய் சொல்லுறாய்?"

"நான் ஒரு பொய்யும் சொல்லேல்லை மாமா. எல்லாம் நடந்ததுதானே."

"அவன் அவன் எண்டு சொல்லுறியே, அது பொய்யில்லையோ?"

"அவன்தான் மாமா. அந்தப் பொடியனை நானும் பதினாறு வருஷமாக் காணேல்லை," என்றான். கோபமில்லாமல்தான் சொன்னான். பிறகு குப்பைப் பையைத் தூக்கிக்கொண்டு கீழே போனான்.

ஒக்டோபர் கடைசிச் சனிக்கிழமை, பகல். மூலையில் உள்ள டெப்பனர் கடையில் பால் வாங்கிக்கொண்டு வந்தேன். படியிலேயே அக்காவின் குரல் கேட்டது.

"கடைசியில அவனுக்குத் தண்ணி கிடைச்சதோ தம்பி? உண்மையைச் சொல்லும்."

"கிடைச்சதம்மா. நான்தான் குடுத்தனான்."

"நொந்ததோ?"

"இல்லையம்மா. நெத்தியில பட்டது. நோகேல்லை. தனக்கே தெரியாமப் போட்டான்."

பால் போத்தல் கையிலிருந்து நழுவிவிட்டது. நெற்றியில் குண்டு, நோகாமல், தனக்கே தெரியாமல். அது நான் ஜாரி பார்க்கில் சொன்னது. நூற்றறுபது வருஷத்துக்கு முந்திய ஒரு பாதிரியாரின் வசனம். அதை என் வாயாலேயே என் வீட்டுக்குள் கொண்டுவந்து விட்டிருக்கிறேன். உள்ளே அக்கா குழறத் தொடங்கினாள். பதினாறு வருஷம் ஒருநாள்கூட அவள் அப்படிக் குழறினதில்லை. செத்தவீட்டில் குழறுகிற குழறல். என்ர ராசா, என்ர குஞ்சு, நான்தானே உன்னை ஏத்திவிட்டன் என்று நெஞ்சில் அடித்தாள். அவளுடைய ராசா பக்கத்தில் இருந்து அவள் முதுகைத் தடவிக்கொண்டிருந்தான். பிறகு அவள் படுத்து, கொளுக்கி போடாமல், பின்னேரம்வரை குழந்தை மாதிரித் தூங்கினாள்.

திங்கட்கிழமை விடிந்ததும் விடியாததுமாக வேலைக்குப் போய்ப் பதினான்காம் பெட்டியை உடைத்தேன். முடிவைப் பார்க்க வேண்டும். அவள் அவனைக் கூப்பிட்டாளா இல்லையா?

1887இல் ஊர் நடுவில் சண்டையில் செத்தவர்களுக்கு ஒரு கல் நாட்டினார்கள். இருபத்துமூன்று பெயர். தன் மகனுடைய பெயரும் அதில் வரவேண்டும் என்று தாய் கேட்டாள். சேர்மன், கல் வெட்டுகிறவனுக்குப் பெயர்ப் பட்டியலைத் தன் கையாலேயே எழுதிக் கொடுத்தான். பட்டியல் அப்படியே இருந்தது. ஏழாவது பெயர் ஏஸா டன்மோர். கை நடுங்கினதுக்கு ஒரு அடையாளமும் இல்லை. ஊரில் ஒருவரும் மறுத்துப் பேசவில்லை. எல்லோருக்கும் தெரிந்த சங்கதி, எல்லோரும் அந்தத் தாய்க்காக வாயை மூடிக்கொண்டார்கள். அடுத்த வருஷம் தாய் இறந்தாள். பத்திரிகைத் துண்டு இருந்தது. 'ஒரே மகனைப் போரில் இழந்த திருமதி டன்மோருக்கு உறவினர் எவரும் இல்லை. ஊர் சார்பில் தலைவர் நன்றி கூறினார்.'

அதற்குப் பிறகு நாட்குறிப்பில் வெறும் பக்கங்கள். கடைசியில் அவனுடைய உயில். தன் கல்லறையில் பெயர் வேண்டாம், பெயர் ஏற்கெனவே ஓரிடத்தில் இருக்கிறது என்று எழுதியிருந்தான்.

வீட்டுக்கு வந்தபோது றெக்ஸ் கேட்டான். "முடிஞ்சுதோ மாமா? கடைசியில அந்தத் தாய் கண்டுபிடிச்சவவோ?"

"ஓம், ஓம். சாகேக்கப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டவவாம்," என்றேன்.

அவன் என் முகத்தைப் பார்த்தான். கள்ளக் காணி உறுதியோடு கச்சேரிக்கு வருகிறவனை நான் பார்க்கிற மாதிரிப் பார்த்தான்.

நவம்பர் இரண்டாம் தேதி ஆத்துமாக்கள் திருநாள். எங்கள் ஆட்கள் எந்த நாட்டில் இருந்தாலும் அன்றைக்கு வேலையைப் போட்டுவிட்டுக் கோயிலுக்கு வருவார்கள். முதலே செத்தவர்களின் பெயர்களை எழுதிக் கொடுக்க வேண்டும். பங்குச் சுவாமி பீடத்தில் நின்று ஒவ்வொரு பெயராக வாசிப்பார். வாசித்ததும் அந்த வீட்டார் ஒருவர் எழும்பிப் போய் மெழுகுதிரி கொளுத்தி வைக்க வேண்டும். பெயர் வாசித்தால் அந்த ஆள் செத்தவர். அதற்கு மேல் பேச்சில்லை. ஒரு வருஷம் யாரோ இரக்கப்பட்டு றெக்ஸின் பெயரை எழுதிவிட, அக்கா கோயிலுக்குள்ளேயே அந்தத் தாளைக் கிழித்து எறிந்தவள். இந்த வருஷம் வியாழக்கிழமை என் முன்னால் தாளை வைத்தாள்.

"எழுது தம்பி. மரியாம்பிள்ளை றெக்ஸ். அவன்ர ஆத்துமா மோட்சத்துக்குப் போகேலாமல் உத்தரிச்சுக்கொண்டு கிடக்குது, நான் வீம்புக்குச் செபம் கேளாமல் இருந்திட்டன்."

"உயிரோட இருக்கிறவனுக்கோ? என்ர கையால எழுதமாட்டன், போ!" என்று பேனையைச் சுவரில் அடித்தேன்.

வெள்ளிக்கிழமை தாளைக் காணவில்லை. மேசையில் அதற்கு அடியில் கிடந்த கடுதாசியில் எழுத்து அழுந்தியிருந்தது. அக்காவின் எழுத்து இல்லை. அக்கா கேட்க அவனே எழுதிக் கொடுத்திருக்கிறான், பிறந்த வருஷம் உட்பட. நான் சுவாமிக்குப் போன் எடுத்து, பெயரை வெட்டச் சொல்லிக் கெஞ்சினேன்.

"வெட்டலாம் செபமாலை அண்ணை," என்றார் சுவாமி. "வெட்டினால் அவ பேந்து சாப்பிடுவாவோ?"

நான் போனை வைத்துவிட்டேன்.

ஞாயிறு பின்னேரம் நாலு மணிப் பூசை. கடிகாரத்தைப் பின்னுக்கு வைத்த நாள்; அதற்குள் ஜன்னல்கள் இருண்டுவிட்டன. நாங்கள் மூன்று பேரும் ஒரே வாங்கில் இருந்தோம். என் மனைவியின் பெயர் வந்தது. போய்க் கொளுத்திவிட்டு வந்தேன். பிறகு சுவாமி, "மரியாம்பிள்ளை றெக்ஸ்," என்றார்.

கோயில் முழுக்க எங்கள் வாங்கைத் திரும்பிப் பார்த்தது. பக்கத்தில் இருக்கிறவன் யார் என்று அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும், எங்கள் சனத்துக்குள் எது ஒளிந்திருக்கும்? அக்கா எழும்பப் பார்த்தாள், முழங்கால் விடவில்லை. என்னைப் பார்த்தாள். நான் கையைக் கட்டிக்கொண்டு அசையாமல் இருந்தேன். நான் போகாவிட்டால் ஒருவரும் போகமாட்டார்கள், ஒருவரும் போகாவிட்டால் அது நடக்காது என்று ஒரு மோட்டு நம்பிக்கை. சுவாமி காத்துக்கொண்டு நின்றார்.

றெக்ஸ் எழும்பினான்.

நடுப்பாதையால் நடந்து போனான். மெழுகுதிரி கொடுக்கிறவர் கையைக் கொஞ்சம் பின்னுக்கு இழுத்தார், பிறகு கொடுத்தார். முன்வரிசையில் ஒரு பெண் சிலுவை போட்டுக்கொண்டாள். அவன் தன் திரியைக் கொளுத்தி, மற்றத் திரிகளுக்கு நடுவில் வைத்து, அது நேராக நிற்கிறதா என்று பார்த்து, தலை குனிந்துவிட்டு வந்தான். வாழ்க்கையில் நான் அவ்வளவு பயந்ததில்லை, ஷெல்லடிக்குள்ளும் இல்லை. ஓடிப்போய் அந்தத் திரியை ஊதி அணைக்க வேண்டும் போல இருந்தது. கட்டிய கையை அவிழ்க்கவில்லை.

அவன் அக்காவுக்குப் பக்கத்தில் வந்து இருந்தான். விரலில் மெழுகு உருகி ஒட்டியிருந்தது. அக்கா அவனுடைய கையை எடுத்து மடியில் வைத்து, நகத்தால் அந்த மெழுகை மெல்ல மெல்லச் சுரண்டி எடுத்தாள். முகம் தெளிந்துபோயிருந்தது. வந்த நாளிலிருந்து இல்லாத பரிவோடு அவனைப் பார்த்தாள்.

"உம்மட அம்மா எங்க தம்பி இருக்கிறா?" என்று கேட்டாள். "நீர் உயிரோட இருக்கிறீர் எண்டு அவவுக்கு ஒருக்கா அறிவியும். பாவம், தேடிக்கொண்டிருப்பா."

றெக்ஸ் கையை இழுக்கவில்லை. "ஓம் அம்மா, அறிவிக்கிறன்," என்றான். சுவாமி அடுத்த பெயரை வாசித்தார்.